யூட்டாவில் ஆறு நாள்: ஒரு மார்மன் வீட்டுச் சமையலறையில்

முதல் நாள், வியாழன்

சால்ட் லேக் சிட்டி விமான நிலையத்திலிருந்து தெற்கே அரை மணி நேரப் பயணம். கிழக்குப் பக்கம் வாசாட்ச் மலை சுவர் வைத்ததுபோல் கூடவே வருகிறது. ஆகஸ்ட் வெயிலில் புல்லெல்லாம் வெளுத்துக் கிடக்கிறது.

டாலஸில் என்னோடு ஒன்பது வருடம் வேலை பார்த்த தோழி, வயதான அம்மாவைப் பார்த்துக்கொள்ள சொந்த ஊருக்கே திரும்பிவிட்டாள். ஒன்பது வருடமும் இருவரும் ஒரே மேசையில்தான் மதியம் சாப்பிட்டோம். அவள் டப்பாவில் எப்போதும் இன்னொருவருக்கு ஒரு பங்கு இருக்கும். அந்தப் பழக்கம் வந்த வீட்டை ஒருமுறை பார்க்க வேண்டும் என்று ரொம்ப நாள் ஆசை.

முதலில் ஒரு விளக்கம். ஊர் உலகம் இவர்களை மார்மன் என்கிறது. மார்மன் புத்தகத்தை வேதமாக வைத்திருப்பதால் வந்த பெயர் அது. 2018-ல் அப்போதைய சபைத் தலைவர் ரசல் நெல்சன், முழுப் பெயரைச் சொல்லியே அழையுங்கள் என்று கேட்டுக்கொண்டார்: பிற்காலப் பரிசுத்தவான்களின் இயேசு கிறிஸ்து சபை. தோழி இரண்டையும் சொல்கிறாள். நானும் அப்படியே எழுதுகிறேன்.

அவள் அம்மாவுக்கு 81 வயது. வாசலிலேயே என் கையைப் பிடித்துக்கொண்டு, "பிள்ளை, இந்த வீட்டில் காபி கிடையாது. உனக்கு வேண்டுமென்றால் இவள் கடையில் வாங்கி வருவாள், அதில் எங்களுக்கு வருத்தம் இல்லை" என்றார். வேண்டாம் என்றேன். ஆறு நாள் அவர்கள் சாப்பிடுகிறபடி சாப்பிடலாம் என்று முடிவு செய்துதான் வந்திருக்கிறேன். வறுத்த கோதுமைத் தவிடும் வெல்லப்பாகு மாதிரியான மொலாசஸும் சேர்ந்த போஸ்டம் என்ற பொடியைப் பாலில் கலந்து கொடுத்தார். காபியின் கசப்பு கொஞ்சம் இருக்கிறது. வறுத்த தானிய வாசனைதான் தூக்கலாக வருகிறது. எனக்குப் பிடித்தது.

காபி ஏன் இல்லை என்பதற்குப் பின்னால் ஒரு வீட்டுக்காரியின் சலிப்பு இருக்கிறது. ஒஹாயோ மாநிலத்தில் கர்ட்லாண்ட் என்ற ஊர், 1833-ம் வருடம். ஒரு கடையின் மாடி அறையில் சபையின் ஸ்தாபகர் ஜோசப் ஸ்மித் போதகர்களுக்கு வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தார். வந்தவர்கள் புகையிலையைப் புகைப்பதும் மென்று துப்புவதுமாக இருக்க, அந்தத் தரையைக் கழுவ வேண்டியிருந்தது அவர் மனைவி எம்மா. அவர் முறையிட்டார். ஸ்மித் இறைவனிடம் கேட்டார். பிப்ரவரி 27 அன்று 'ஞான வார்த்தை' வந்தது என்பது இவர்கள் நம்பிக்கை. புகையிலை, மது, சூடான பானங்கள் வேண்டாம் என்கிறது அது. சூடான பானம் என்றால் டீயும் காபியும் என்று சபை பொருள் கொண்டது. மூலிகை டீ, ஹாட் சாக்லெட் எல்லாம் பரவாயில்லை. ஆரம்பத்தில் இது கட்டளையாக இல்லை, அறிவுரையாகத்தான் இருந்தது. ஆலயத்துக்குள் போக இதைக் கடைப்பிடித்தே ஆக வேண்டும் என்று ஆனது 1921-ல், ஹீபர் கிராண்ட் தலைவராக இருந்தபோது.

அதே பகுதியில், இறைச்சியைச் சிக்கனமாக உண்ணுங்கள், குளிர்காலத்திலோ பஞ்சத்திலோ மட்டும் என்றால் இன்னும் நல்லது என்றும் இருக்கிறது. சைவக்காரியான எனக்கு அதைப் படித்ததும் ஆச்சரியம். அம்மாவிடம் கேட்டேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "காபியை நாங்கள் மறக்கவில்லை. அந்த வரியை மறந்துவிட்டோம்" என்றார். 81 வயதில் இப்படி நேராகப் பதில் சொல்கிறவரை எனக்கு உடனே பிடித்துப்போனது.

சாயங்காலம் தோழிக்கு ஒரு செய்தி வந்தது. அவர்கள் வார்டில், அதாவது அவர்கள் வட்டாரச் சபையில், ஒரு முதியவர் இரண்டு நாள் முன்பு இறந்திருக்கிறார். நாளை அடக்கம். முடிந்ததும் குடும்பத்துக்கும் வந்தவர்களுக்கும் மதியச் சாப்பாடு. யார் என்ன கொண்டுவருகிறார்கள் என்ற பட்டியலில் இவர்கள் பெயருக்கு நேரே இரண்டு ட்ரே உருளைக்கிழங்கு என்று இருந்தது.

சாவு வீட்டு உருளைக்கிழங்கு என்றுதான் இதற்குப் பெயரே. கிறிஸ்துமஸுக்கும் ஈஸ்டருக்கும்கூடச் செய்கிறார்கள், ஆனாலும் பெயர் அதுதான். துருவி உறைய வைத்த உருளைக்கிழங்கு ஒரு பை, 900 கிராம் இருக்கும். ஒரு டப்பா கெட்டியான சிக்கன் சூப், இரண்டு கப் புளித்த கிரீம், இரண்டு கப் செடார் சீஸ் துருவல், பொடியாக நறுக்கிய வெங்காயம், உருக்கிய வெண்ணெய். எல்லாவற்றையும் கிளறி, 9-க்கு 13 அங்குலக் கண்ணாடி ட்ரேயில் பரப்பி, மேலே வெண்ணெயில் புரட்டி நொறுக்கிய கார்ன் ஃபிளேக்ஸ். கார்ன் ஃபிளேக்ஸை நொறுக்கும் வேலை எனக்கு. பையில் போட்டு உள்ளங்கையால் அழுத்தும்போது அம்மா பார்த்துக்கொண்டே இருந்தார். "தூளாக்கிவிடாதே, கடிக்கும்போது சத்தம் வர வேண்டும்" என்றார்.

நான் கேட்காமலேயே இரண்டாவது ட்ரேயில் சிக்கன் சூப்புக்குப் பதில் காளான் சூப் ஊற்றினார்.

கடைசியில் ட்ரேயைத் தலைகீழாகப் பிடித்து அடியைக் காட்டினாள் தோழி. மாஸ்கிங் டேப் ஒட்டி, பேனாவால் குடும்பப் பெயர். டேப் மஞ்சளடித்து, பலமுறை கழுவி ஓரமெல்லாம் சுருண்டிருக்கிறது. எந்த வீட்டுக்குப் போனாலும் ட்ரே திரும்பி வந்துசேர வேண்டும் அல்லவா?

இரண்டாம் நாள், வெள்ளி

தலைவலியோடு எழுந்தேன். காபி இல்லாத முதல் காலை. பத்து மணிக்குள் சரியாகிவிட்டது.

அடக்கம் முடிந்து சபைக் கட்டிடத்துக்கு வந்தார்கள். சாப்பாடு நடந்த கூடத்தின் இரண்டு பக்கமும் கூடைப்பந்து வளையம். அதற்குக் கீழே வெள்ளைத் துணி விரித்த மேசைகள். பக்கத்தில் சின்னச் சமையலறை. அங்கே சமைப்பதில்லை, சூடாக வைத்துப் பரிமாறுவதற்கு மட்டும்தான் அது. சமையல் எல்லாம் வீட்டில். இதைக் கேட்டதும் எனக்கு நேற்றைய உருளைக்கிழங்கு இன்னும் நன்றாகப் புரிந்தது. முன்னாலேயே செய்து வைக்கலாம், காரில் கொண்டுபோகலாம், ஆறினால் திரும்பச் சூடாக்கலாம், முப்பது பேர் வந்தாலும் கரண்டியால் வெட்டி வைத்துவிடலாம். இந்த ஊர்ச் சமையல் முக்கால்வாசியும் இன்னொருவர் வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு போவதற்காகவே உருவான சமையல். ருசியை மட்டும் வைத்து இதை எடைபோடுகிறவர்கள் பாதியைத்தான் பார்க்கிறார்கள் என்பது என் எண்ணம்.

ஏப்ரன் கட்டிய ஏழெட்டுப் பெண்கள், எல்லோரும் ரிலீஃப் சொசைட்டிக்காரர்கள். 1842 மார்ச் 17 அன்று இல்லினாய் மாநிலம் நாவூவில் ஆரம்பித்த பெண்கள் சங்கம் அது. எம்மா ஸ்மித்தான் முதல் தலைவி. குழந்தை பிறந்த வீட்டுக்கும், ஆபரேஷன் ஆன வீட்டுக்கும், புதிதாகக் குடிவந்த வீட்டுக்கும் இன்று யார் சாப்பாடு கொண்டுபோவது என்று முறை போடுவது இவர்கள்தான். நானும் ஒரு ஏப்ரன் வாங்கிக் கட்டிக்கொண்டு ரோல்களுக்கு வெண்ணெய் எடுத்து வைத்தேன்.

மேசையில் ஹாம் துண்டுகள், சாலட், ரோல், ஆறு ட்ரே உருளைக்கிழங்கு. ஆறும் ஒரே பண்டம், ஆறு கைப்பக்குவம். ஒன்றில் வெங்காயத்தாள், ஒன்றில் கார்ன் ஃபிளேக்ஸுக்குப் பதில் உருளை சிப்ஸ். அப்புறம் பச்சை ஜெல்லோ, அதாவது ஜெலட்டினில் செய்த ஜெல்லி, உள்ளே அன்னாசித் துண்டுகளோடு. யூட்டா மாநிலம் 2001-ல் ஜெல்லோவைத் தன் அதிகாரபூர்வ நொறுக்குத் தீனியாகவே அறிவித்திருக்கிறது. ஜெலட்டின் இருப்பதால் நான் எடுக்கவில்லை.

இறந்தவரின் மனைவி எதையும் தொடாமல் உட்கார்ந்திருந்தார். ஒரு பெண் போய், எதுவும் பேசாமல், ஒரு தட்டில் உருளைக்கிழங்கை மட்டும் கொஞ்சம் வைத்து முன்னால் தள்ளிவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டாள். ஐந்து நிமிடம் கழித்து அவர் முள்கரண்டியை எடுத்தார். இதைத் தூரத்திலிருந்துதான் பார்த்தேன். ஆனாலும் இன்று முழுக்க அதுவே கண்ணில் நிற்கிறது.

திரும்பும் வழியில் வெல்ஃபேர் ஸ்கொயர். சுமார் 178 அடி உயர தானியக் களஞ்சியம் தூரத்திலேயே தெரிகிறது. 3 லட்சம் புஷலுக்கு மேல் கோதுமை கொள்ளும். ஒரு புஷல் கோதுமை சுமார் 27 கிலோ. 1930-களின் பொருளாதார வீழ்ச்சியில் வேலையிழந்தவர்களுக்காக 1936-ல் சபை தொடங்கிய நலத் திட்டத்தின் மையம் இது. உள்ளே பிஷப்பின் பண்டசாலை இருக்கிறது. கடை மாதிரியே அலமாரிகள், ஆனால் பணம் வாங்கும் இடம் கிடையாது. பிஷப் எழுதிக் கொடுத்த சீட்டைக் காட்டிச் சாமான் எடுத்துக்கொள்ளலாம். முடிந்தவர்கள் பதிலுக்குக் கொஞ்சம் வேலை செய்கிறார்கள். பிஷப் என்பவருக்கும் சம்பளம் கிடையாது. அவரும் வார்டில் ஒருவர்தான், பிழைப்புக்கு வேறு வேலை பார்க்கிறவர்.

வழியில் ஒரு சோடா கடை. கோலாவில் தேங்காய் சிரப்பும் எலுமிச்சையும் கலந்து தருகிறார்கள். 'டர்ட்டி சோடா' என்று பெயர். கோலாவின் கஃபீனுக்குத் தடை இல்லை என்று சபை 2012-ல் தெளிவுபடுத்திவிட்டது. எனக்குத் தித்திப்பு அதிகம், பாதியோடு வைத்துவிட்டேன்.

மூன்றாம் நாள், சனி

விடியற்காலை நாலரைக்கே கிளம்பினோம். கேபிடல் ரீஃப் தேசியப் பூங்கா, தெற்கே மூன்றரை மணி நேரம். செந்நிறப் பாறைச் சுவர்களுக்கு நடுவே ஃப்ரீமாண்ட் ஆற்றங்கரையில் ஃப்ரூட்டா என்ற ஊர் இருந்தது. 1880-களில் மார்மன் குடும்பங்கள் வாய்க்கால் வெட்டி, பழ மரம் நட்டுப் பிழைத்த இடம். எந்தக் காலத்திலும் பத்துக் குடும்பம் அளவுக்குத்தான் இருந்தது. கடைசிக் குடும்பமும் 1969-ல் நிலத்தைப் பூங்காவுக்கு விற்றுவிட்டுப் போய்விட்டது. ஊர் இல்லை, மரங்கள் இருக்கின்றன. பூங்காவின் ஆட்கள் இன்றும் அதே வாய்க்கால் முறையில் தண்ணீர் பாய்ச்சுகிறார்கள்.

தோப்புக்குள் நின்றபடி எவ்வளவு சாப்பிட்டாலும் காசு இல்லை. வெளியே எடுத்துப் போவதற்கு மட்டும் தராசில் நிறுத்துப் பெட்டியில் பணம் போட வேண்டும். ஏணி அங்கேயே சாத்தி வைத்திருக்கிறார்கள். இப்போது பீச் பருவம். கிளையோடு இழுக்கக் கூடாது, பழத்தைக் கையில் ஏந்தி லேசாகத் திருகினால் பழுத்தது தானாக வந்துவிடும் என்று அம்மா கீழே நாற்காலியில் உட்கார்ந்து சொல்லிக்கொண்டிருந்தார். வெயில் பட்ட பக்கம் சூடு, நிழல் பக்கம் குளிர்ச்சி, இரண்டும் ஒரே பழத்தில். முதல் பழத்தின் சாறு முழங்கை வரை வழிந்தது. 35 பவுண்டு பறித்தோம்.

திரும்பும்போது சான்பீட் பள்ளத்தாக்கு வழியாக வந்தோம். அம்மா பிறந்த ஊர் அங்கேதான். டென்மார்க்கிலிருந்து சபையில் சேர்ந்து வந்தவர்கள் குடியேறிய பகுதி. ஒரு வயலைக் காட்டி, "சீகோ லில்லி இங்கே பூக்கும்" என்றார். 1847 ஜூலையில் மார்மன்களின் முதல் கூட்டம் சால்ட் லேக் பள்ளத்தாக்கில் இறங்கியது. அடுத்த இரண்டு வருடமும் பசி. 1848-ல் உறைபனியும் பூச்சிப் படையும் பயிரைத் தின்றன. இந்த மண்ணின் பழங்குடி மக்கள் உண்டுவந்த சீகோ லில்லிக் கிழங்கைத் தோண்டித் தின்று உயிர் பிழைத்தார்கள். 1911-ல் அதுவே மாநில மலர் ஆனது.

வீட்டுக்கு வந்ததும் நிலவறையைக் காட்டினார்கள். சுவர் முழுக்க அலமாரி. பெரிய தகர டப்பாக்களில் கோதுமை, ஓட்ஸ், பீன்ஸ், பால் பவுடர், ஒவ்வொன்றிலும் அடைத்த மாதமும் வருடமும். மூலையில் 55 கேலன் தண்ணீர்ப் பீப்பாய். காற்றுப் புகாமல் அடைத்த கோதுமை முப்பது வருடமும் கெடாதாம். நம்மில் பலருக்கு இது உலகம் அழியப் போகிறது என்ற பயமாகத் தோன்றலாம். இந்த வீட்டில் அப்படி இல்லை. தோழியின் அப்பாவுக்கு எட்டு மாதம் வேலை இல்லாமல் போனபோது இந்த அலமாரியைத்தான் சாப்பிட்டோம் என்று அவள் சொன்னாள். காலியான ஒவ்வொரு டப்பாவையும் அம்மா மறுபடி நிரப்பியிருக்கிறார்.

சபைத் தலைவர் பிரிகாம் யங் 1876-ல் கோதுமை சேமிக்கும் பொறுப்பைப் பெண்களிடம் கொடுத்தார். எம்மலின் வெல்ஸ் என்பவர் அதை முன்னின்று நடத்தினார். அறுவடை முடிந்த வயல்களில் சிதறிய கதிரைப் பொறுக்கியும் சேர்த்தார்கள். 1906-ல் சான் பிரான்சிஸ்கோ பூகம்பத்துக்கு அதிலிருந்து மாவு போனது. முதல் உலகப் போரின்போது, 1918-ல், 2 லட்சம் புஷலுக்கு மேல் அமெரிக்க அரசுக்கு விற்றார்கள். கிலோவில் கணக்குப் போட்டுப் பாருங்கள். அந்தப் பணத்தின் வட்டி தாய் சேய் நலத்துக்குப் போனது. எனக்கு இதில் பிடித்தது, பெண்கள் பொறுக்கிச் சேர்த்த கதிருக்குக் கணக்கு இருப்பது. நம் வீடுகளில் பாட்டிமார் சேர்த்த பிடியரிசிக்கு யார் கணக்கு வைத்தார்கள்?

அம்மா 2009 என்று எழுதிய டப்பாவைத் திறந்து கோதுமையை மில்லில் போட்டார். மாவு பிசைந்து மூன்று பங்கு. ஒரு பங்கு இன்று ராத்திரி ஸ்கோனுக்கு. இங்கிலாந்து ஸ்கோன் வேறு. இது ரொட்டி மாவை நீட்டி எண்ணெயில் பொரிப்பது, நம் பூரியின் தடித்த தம்பி என்று வைத்துக்கொள்ளலாம். தேன் குழைத்த வெண்ணெயைச் சூடாக இருக்கும்போதே தடவ வேண்டும். இன்னொரு பங்கு வீட்டுக்கு. மூன்றாவது பங்கு சபைக்கு. நாளைய வழிபாட்டுக்கு ரொட்டி கொண்டுபோகும் முறை இந்த வாரம் இவர்கள் வீட்டுடையது.

ஆறு மணிக்கு ஸ்கோன் சாப்பிட்டு முடித்தோம். தோழி சிறு ஜெபம் சொன்னாள். நாளை சாயங்காலம் வரை இனி எதுவும் இல்லை, தண்ணீர்கூட.

நான்காம் நாள், ஞாயிறு

மாதத்தின் முதல் ஞாயிறு இவர்களுக்கு உபவாசம். இரண்டு வேளை சாப்பாட்டை விட்டு, அதற்கு ஆகும் பணத்தை, முடிந்தால் அதற்கு மேலும், ஏழைகளுக்குக் கொடுக்க வேண்டும். முன்பு இது வியாழக்கிழமையாக இருந்தது, 1896-ல்தான் ஞாயிறுக்கு மாறியது. பணப் புழக்கம் இல்லாத காலத்தில் மாவு, வெண்ணெய், இறைச்சி என்று பொருளாகவே கொடுத்தார்கள். அம்மா சர்க்கரை நோய்க்காரர், அதனால் அவர் உபவாசம் இருப்பதில்லை. காலையில் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு சாப்பிட்டார். காணிக்கை மட்டும் கொடுக்கிறார்.

நானும் உபவாசம் இருந்தேன். விரதம் எனக்குப் புதிதில்லை. ஆனால் நேற்றுப் பறித்த 35 பவுண்டு பீச்சும் சமையலறைத் தரையில் பெட்டியில் இருக்கிறது. வீடு முழுக்க அந்த வாசனை. மாடிப்படியில், குளியலறையில், தலையணையில்கூட.

வழிபாட்டில் வெள்ளைச் சட்டை போட்ட பையன்கள் தட்டு ஏந்தி வரிசை வரிசையாக வந்தார்கள். நேற்று எங்கள் கண் முன்னால் உப்பிய அந்த ரொட்டி, விரல் நுனி அளவுக்குப் பிய்த்து வைத்திருந்தது. பிறகு கட்டைவிரல் அளவுக் கிண்ணங்களில் தண்ணீர். திராட்சை ரசம் இல்லை, தண்ணீர்தான். நான் எடுத்துக்கொள்ளாமல் தட்டைப் பக்கத்தவருக்குக் கொடுத்தேன், யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. என் பக்கத்தில் இருந்த சின்னப் பெண், துண்டுகளில் பெரியதாகத் தேடி எடுத்தாள்.

இன்று ஏற்பாடு செய்த பிரசங்கம் கிடையாது. மனதில் பட்டவர்கள் எழுந்து போய்ச் சாட்சி சொல்லலாம். வெள்ளிக்கிழமை பார்த்த அந்த மனைவி எழுந்தார். நிறையப் பேசவில்லை. சாப்பாடு கொண்டுவந்தவர்களுக்கு நன்றி சொன்னார், யாருடைய ட்ரே என்று தெரியாமல் நாலு ட்ரே தன் வீட்டில் இருக்கிறது என்றார்.

மதியம் தூங்கிக் கழிந்தது. ஆறு மணிக்கு மேசை. தோழியின் குடும்பத்துக்கு ஸ்லோ குக்கரில் மாட்டிறைச்சி வெந்திருந்தது. அம்மா தனக்கும் எனக்கும் மட்டும் பழைய காலத்து ஞாயிறுச் சாப்பாடு வைத்தார், ரொட்டியும் பாலும். அகலக் கிண்ணத்தில் ரொட்டியைக் கையால் பிய்த்துப் போட்டு, குளிர்ந்த பாலை ஊற்றி, மேலே ஒரு பீச்சை நறுக்கிப் போட்டார். ரொட்டியின் ஓரம் மட்டும் ஊறாமல் கொஞ்சம் நிற்கிறது. பால் மெதுவாகப் பீச்சின் நிறத்துக்கு மாறுகிறது. உப்பும் இல்லை, காரமும் இல்லை. இந்த ஆறு நாளில் நான் சாப்பிட்டதில் இதுதான் எனக்கு மேல்.

ஐந்தாம் நாள், திங்கள்

ஞாயிற்றுக்கிழமை வேலை செய்வதில்லை என்பதால் பீச் இன்று வரை காத்திருந்தது. இங்கே பழத்தைப் புட்டியில் அடைப்பது வருடாந்தர வேலை. கொதிநீரில் முப்பது விநாடி, பிறகு குளிர்நீர். தோல் கையோடு கழன்று வருகிறது. பாதியாக வெட்டிக் கொட்டையை எடுத்து, சர்க்கரைப் பாகில் ஒரு கொதி விட்டு, குழிந்த பக்கம் கீழே பார்க்கும்படி அடுக்க வேண்டும், அப்போதுதான் இடம் வீணாகாது. வாயை ஈரத் துணியால் துடைத்து, மூடி வைத்து, வளையம் திருகி, புட்டிகள் மூழ்கும் அளவுத் தண்ணீரில் கொதிக்க விட வேண்டும். கடல் மட்டத்தில் 25 நிமிடம் போதும். இந்த ஊர் 4,000 அடிக்கு மேல், தண்ணீர் குறைந்த சூட்டிலேயே கொதித்துவிடும். அதனால் 35 நிமிடம். மொத்தம் 14 புட்டி.

திங்கள் இரவு குடும்ப இரவு. 1915 முதல் சபை வலியுறுத்திவரும் பழக்கம். எல்லோரும் கூடி ஒரு பாட்டு, ஒரு சின்னப் பாடம், ஒரு விளையாட்டு, கடைசியில் இனிப்பு. பேரன்கள் பாடத்தில் நெளிந்தார்கள், பீச் காப்ளர் வந்ததும் நேராக உட்கார்ந்தார்கள். நடுவே வாசல் மணி அடித்தது. வெள்ளிக்கிழமை ட்ரே இரண்டும் கழுவித் துடைத்துத் திரும்பி வந்திருந்தன. அம்மா இரண்டையும் கவிழ்த்துப் பெயரைப் பார்த்துவிட்டு அலமாரியில் வைத்தார்.

இப்போது ராத்திரி பதினொன்று. சமையலறையில் துணி விரித்துப் புட்டிகளை வரிசையாக வைத்திருக்கிறோம். ஆறும்போது உள்ளே வெற்றிடம் ஏற்பட்டு மூடி உள்வாங்கும், அப்போது 'டிக்' என்று ஒரு சத்தம். அது கேட்டால் அந்தப் புட்டி காற்றுப் புகாமல் மூடிக்கொண்டது என்று அர்த்தம். அம்மா நாற்காலி போட்டு உட்கார்ந்து, கண்ணை மூடிக்கொண்டு எண்ணிக்கொண்டிருக்கிறார். நானும் பக்கத்தில் இருக்கிறேன். இதுவரை பதினொன்று.

ஆறாம் நாள், செவ்வாய்

பதின்மூன்று மூடிக்கொண்டது. பதினான்காவது புட்டியின் மூடி அழுத்தினால் துள்ளுகிறது. அதை அலமாரியில் வைக்க முடியாது.

விமானத்துக்குக் கிளம்பும் முன் அதைத் திறந்து மூவரும் சாப்பிட்டோம். மீதியை அம்மா ஒரு டப்பாவில் போட்டு மூடினார். அடியில் டேப் ஒட்டி, பெயரும் எழுதி, "வெள்ளிக்கிழமை கணவரை அடக்கம் செய்தாரே, அவர் வீட்டில் போகிற வழியில் கொடுத்துவிடு" என்று தோழியிடம் நீட்டினார்.